பிரசாரமும் வரலாறும்: ஸ்ரீரங்கப்பட்டணம் தரும் பாடம்

ஆட்டுக்குட்டியைத் தோளிற் சுமந்து சென்ற அந்தணனின் கதையை நாம் அனைவரும் இளமையிற் கேட்டிருக்கின்றோம். வழியில் ஒருவன் எதிர்ப்பட்டு, "ஐயரே, நாயை ஏன் சுமக்கின்றீர்?" என்றான். அந்தணன் நகைத்தான். சிறிது தொலைவு சென்றதும் இன்னொருவன் அதையே கேட்டான். அந்தணனுக்கு ஐயம் பிறந்தது. மூன்றாமவனும் அதையே கேட்கவே, ஆட்டை இறக்கிவிட்டு ஓட்டம் பிடித்தான். கேட்ட மூவரும் ஒரே கூட்டத்துத் திருடர்கள். ஆடு அவர்களுக்கு விருந்தாயிற்று.

பிரசாரம் என்னும் கலையின் இலக்கணம் முழுவதும் இச்சிறு கதையில் அடங்கியிருக்கின்றது. ஒரு செய்தியை உரக்கச் சொல்ல வேண்டுவதில்லை. பல வாய்கள் அதனைச் சொல்ல வேண்டும். அவ்வாய்கள் ஒன்றையொன்று அறியாதவை போலத் தோன்ற வேண்டும். அவ்வளவே.

பிரசாரம் என்பதைக் குறிக்கும் 'புரொபகண்டா' என்னும் ஆங்கிலச் சொல்லுக்குத் தொடக்கத்தில் இழிபொருள் இருந்ததில்லை. 1622-ஆம் ஆண்டு ரோமாபுரியில் போப்பாண்டவர் பதினைந்தாம் கிரகோரி, சமயத்தைப் பரப்புவதற்கென ஒரு சபையை நிறுவினார். அச்சபையின் இலத்தீன் பெயரிலிருந்தே அச்சொல் பிறந்தது. 1933-இல் ஜெர்மனியில் இட்லர் ஆட்சிக்கு வந்ததும் பிரசாரத்திற்கென ஓர் அமைச்சகமே ஏற்பட்டது. கோயபல்ஸ் அதன் அமைச்சரானார். அதன்பின் அச்சொல்லைக் கேட்டாலே மக்கள் முகஞ்சுளிக்கும் நிலை வந்தது. ஆயினும் இதற்கு உதாரணம் தேடி நாம் ஜெர்மனிவரை செல்ல வேண்டுவதில்லை. நம் பெங்களூரிலிருந்து மைசூர் செல்லும் இருப்புப்பாதையில் ஏறினால், மைசூரை அடையுமுன்னரே ஸ்ரீரங்கப்பட்டணம் வந்துவிடுகின்றது. அத்தீவுக் கோட்டையின் கதையைக் காட்டிலும் தெளிவான பாடம் வேறில்லை.

சுவரோவியமும் மரப்புலியும்

பிரசாரம் தோற்றவர்களுக்குத் தெரியாத வித்தை என்று எண்ணுதல் தவறு. திப்பு சுல்தானும் அதில் வல்லவரே. 1780-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம், காஞ்சிபுரத்தை அடுத்த புள்ளலூரில், ஐதர் அலியும் திப்புவும் கர்னல் பெய்லியின் தலைமையில் வந்த கும்பினிப் படையை முறியடித்தனர். இந்தியாவில் ஆங்கிலேயர் அதுகாறும் கண்டிராத பெருந்தோல்வி அது. பெய்லி சிறைப்பட்டு, ஸ்ரீரங்கப்பட்டணத்திலேயே 1782-இல் மாண்டார். அவ்வெற்றியைத் திப்பு தமது தரியா தௌலத் மாளிகையின் சுவரில் பெரிய ஓவியமாகத் தீட்டச் செய்தார். பெய்லி பல்லக்கிலே அமர்ந்து திகைப்பதை இன்றும் அங்கே காணலாம்.

புலி அவருடைய சின்னம். அரியணையிலும், பீரங்கியிலும், படைவீரரின் உடையிலும் புலியும் புலிவரியும் விளங்கின. ஐரோப்பியச் சிப்பாய் ஒருவனைப் புலி கடித்துக் குதறுவது போன்ற மரப்பொம்மை ஒன்றும் அவரிடம் இருந்தது. உள்ளே பொருத்திய இயந்திரத்தைச் சுழற்றினால் புலி உறுமும், சிப்பாய் அலறுவான். பார்த்தவர் மனத்தில் அச்சமும் பெருமிதமும் ஒருங்கே தோன்ற வேண்டும் என்பதே இவற்றின் நோக்கம்.

கும்பினியின் கைவரிசை

கும்பினியாரிடம் அச்சுக்கூடமும், ஓவியரும், நாடகமேடையும், கடல்கடந்த ஒரு பெருநகரமும் இருந்தன. புள்ளலூரிலே சிறைப்பட்டுப் பின்னர் மீண்ட சிப்பாய்கள் தாம் பட்ட துன்பங்களை எழுதினர். இலண்டன் மக்கள் அவற்றை ஆவலுடன் படித்தனர். துன்பங்கள் மெய்யே. ஆனால் எந்த நாட்டின்மேல் யார் படையெடுத்துச் சென்றதால் அவை நேர்ந்தன என்ற கேள்வி அந்நூல்களைப் படித்தோர்க்கு எழவில்லை.

மூன்றாம் மைசூர்ப் போரில், 1791-ஆம் ஆண்டு மார்ச்சு 21-ஆம் நாள் இரவு, கார்ன்வாலிஸ் பிரபுவின் படை நமது பெங்களூர்க் கோட்டையைப் பிடித்தது. மறு ஆண்டு ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கை ஏற்பட்டது. திப்பு தம் நாட்டிற் பாதியை இழந்தார். பாராமகாலும் திண்டுக்கல்லும் கும்பினிக்குப் போயின. மூன்று கோடியே முப்பது இலட்சம் ரூபாய் தண்டம் செலுத்தும்வரை, அவருடைய புதல்வர் இருவர் பிணையாக ஒப்படைக்கப்பட்டனர்.

இங்கேதான் பிரசாரத்தின் திறமையைக் காண வேண்டும். தந்தையிடமிருந்து சிறுவர்களைப் பிரித்துப் பிணையாகக் கொள்ளுதல் கண்ணியமான செயலன்று. ஆனால் ஓவியர்கள் அக்காட்சியைத் தீட்டியபோது, கார்ன்வாலிஸ் அச்சிறுவர்களை அன்போடு கைநீட்டி வரவேற்கும் தந்தையாகிவிட்டார்! படையோடு வந்திருந்த இராபர்ட் ஓம் என்னும் ஓவியர் மட்டுமின்றி, இந்திய மண்ணையே மிதித்தறியாத மாதர் பிரவுன் என்பவரும் இலண்டனிலிருந்தபடியே அதனைத் தீட்டினார். அவ்வோவியங்களின் அச்சுப் பிரதிகள் வீடுதோறும் மாட்டப்பட்டன. பிணைபிடித்த செயல் கருணையாக மாறிற்று.

1798-இல் வெல்லெஸ்லி கவர்னர் ஜெனரலாக வந்தார். அதே ஆண்டில் நெப்போலியன் எகிப்தில் இறங்கினான். திப்பு பிரெஞ்சுக்காரரின் உதவியை நாடியது உண்மை. மொரீசுத் தீவிலிருந்து அவருக்குக் கிட்டிய உதவியோ நூறு பேர் அளவிலான சிறு கூட்டமே. எனினும் பிரெஞ்சு அபாயம் வாயிலில் வந்து நிற்பதாகக் கூறிப் போர் தொடங்கப்பட்டது. வேலூரிலிருந்து புறப்பட்ட படை 1799-ஆம் ஆண்டு மே 4-ஆம் நாள் கோட்டையை உடைத்தது. திப்பு போரிட்டு மடிந்தார். அரண்மனையிற் கிடைத்த பிரெஞ்சுக் கடிதங்களைக் கும்பினியார் அவ்வாண்டிலேயே கல்கத்தாவில் அச்சிட்டு வெளியிட்டனர். போருக்கு நியாயம் காட்டும் வேலையும் அத்துடன் முடிந்தது.

பின்னர் நிகழ்ந்தவற்றை வரிசையாக நோக்குங்கள். 1800-இல், கோட்டை வீழ்ந்த காட்சியை 120 அடி நீளமுள்ள மாபெரும் ஓவியமாகத் தீட்டி, இராபர்ட் கெர் போர்ட்டர் என்பவர் இலண்டனில் காட்சிக்கு வைத்தார். மக்கள் காசு கொடுத்துக் கண்டனர். மரப்புலியைக் கொண்டுபோய், 1808 முதல் இலண்டனில் கும்பினியின் காட்சிசாலையில் வைத்தனர். திப்பு தம் வீரத்தைக் காட்டச் செய்த பொம்மை, அவருடைய கொடுமைக்குச் சாட்சியாக அங்கே நின்றது! 1811-இல் கிர்க்பாட்ரிக் என்பவர் திப்புவின் கடிதங்களை ஆங்கிலத்தில் வெளியிட்டார். 'தேர்ந்தெடுத்த கடிதங்கள்' என்பதே நூலின் பெயர். தேர்ந்தெடுத்தவர் யார், எதனை விடுத்தார் என்பதில் அன்றோ சூட்சுமம் இருக்கின்றது! மைசூரில் கும்பினியின் ரெசிடெண்டாக இருந்த மார்க் வில்க்ஸ் 1810 முதல் 1817 வரை மூன்று பகுதிகளாக எழுதிய தென்னிந்திய வரலாறு, நெடுங்காலம் பிறர் எழுதிய நூல்களுக்கெல்லாம் மூலமாயிற்று. 1839-இல் டேவிட் வில்கி என்னும் புகழ்பெற்ற ஓவியர், தளபதி பேர்டு திப்புவின் உடலைக் கண்டெடுக்கும் காட்சியைத் தீட்டினார். அதனைத் தீட்டச் சொன்னவர் பேர்டின் மனைவியே.

ஓவியம், பொம்மை, கடிதம், நூல் என நான்கு வாய்கள். கேட்பவனுக்கு அவை தனித்தனிச் சாட்சிகள் போலத் தோன்றின. பெரும்பாலும் எல்லாம் ஒரே சாராரின் வாய்களே. அந்தணனின் ஆடு நாயான விதம் இதுதான்.

வெள்ளீயப் பதக்கம்

இந்தக் கதையில் தமிழராகிய நமக்கும் பங்குண்டு. ஸ்ரீரங்கப்பட்டணத்தைத் தாக்கிய மதராஸ் படையில் தமிழ்ச் சிப்பாய்கள் பலர் இருந்தனர். வெற்றிக்குப்பின் கும்பினி ஒரு பதக்கம் வழங்கியது. அதன் ஒரு முகத்தில் பிரிட்டிஷ் சிங்கம் புலியை வீழ்த்தி மேல் நிற்கின்றது. மறுமுகத்தில் கோட்டைத் தாக்குதல். பெரிய தளபதிகளுக்குத் தங்கம். அடுத்த அதிகாரிகளுக்கு வெள்ளி. நம் சிப்பாய்க்கு வெள்ளீயம். படம் எல்லாவற்றிலும் ஒன்றே. உலோகத்தில் வேற்றுமை காட்டியவர்கள், எண்ணத்தில் மட்டும் வேற்றுமை இருக்கலாகாது எனக் கருதினர் போலும்!

ஆயினும் மனிதர் மனம் முற்றிலும் அச்சுவார்ப்பு அன்று. 1806-ஆம் ஆண்டு சூலை 10-ஆம் நாள் வேலூர்க் கோட்டையில் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்தபோது, அவர்கள் ஏற்றிய கொடி திப்புவின் கொடியே. ஏழாண்டுகளுக்கு முன் அதனை வீழ்த்தப் புறப்பட்ட அதே மதராஸ் படையின் சிப்பாய்கள் அதனை உயர்த்தினர்! எவ்வளவு வலிய பிரசாரமும் பட்டறிவின்முன் தளரும் என்பதற்கு இது சான்று.

மைசூர் நாட்டைக் காக்க வந்த கும்பினிப் படைக்கு ஸ்ரீரங்கப்பட்டணத்தின் காய்ச்சல் ஒத்துக்கொள்ளவில்லை. ஆகவே 1809-இல் பெங்களூரில் தண்டு அமைந்தது. அத்தண்டைத் தொடர்ந்தே தமிழ்க் குடும்பங்கள் அல்சூரிலும் சுற்றுப்புறங்களிலும் பெருகின. நாம் இந்நகரில் வாழ்வதற்கே அந்தப் போர் ஒரு காரணம். எனவே இவ்வரலாற்றை அயலார் கதைபோல் நாம் கேட்டுவிட முடியாது.

ஊசல் மறுபக்கம் சென்றது

பிரசாரத்தின் தீமை, பொய்யை நம்பச் செய்வதோடு முடிவதில்லை. பின்னாளில் மெய்யையும் நம்பாமற் செய்துவிடுவதே அதனினும் கொடிது. முதல் உலகப் போரில், ஜெர்மானியர் பெல்ஜியத்தில் செய்த கொடுமைகளை நேசநாட்டார் மிகைப்படுத்திப் பரப்பினர். போர் முடிந்தபின் மிகை வெளிப்பட்டது. அதன் விளைவாக, இரண்டாம் உலகப் போரில் யூதர்கள் கொல்லப்படுவதாகச் செய்தி வந்தபோது, "இதுவும் பழைய கதைதான்" எனப் பலர் அலட்சியம் செய்தனர்.

திப்புவின் கதையிலும் இதுவே நேர்ந்தது. கும்பினியார் அவரை அரக்கனாகக் காட்டினர். நாட்டு விடுதலை வேட்கை எழுந்த காலத்தில், அதற்கு மறுமொழியாக அவரைக் குற்றமற்ற வீரராகக் காட்டும் நூல்களும் நாடகங்களும் எழுந்தன. முன்னவர் மறைத்தவற்றைப் பின்னவர் காட்டினர். முன்னவர் காட்டியவற்றைப் பின்னவர் மறைத்தனர்.

மறைக்கப்பட்டவை எவை? 1791-இல் மராத்தியப் படையின் ஒரு பகுதி சிருங்கேரி மடத்தைக் கொள்ளையிட்டபோது, மடத்தைச் சீர்செய்யப் பொருளுதவி செய்து, சுவாமிகளுக்குப் பணிவோடு கடிதங்கள் எழுதியவர் திப்பு. கன்னடத்தில் அமைந்த அக்கடிதங்களை 1916-இல் மைசூர்த் தொல்பொருள் துறைத் தலைவர் நரசிம்மாசாரியார் வெளிக்கொணர்ந்தார். கும்பினியின் நூல்களில் இத்திப்புவைக் காண இயலாது. அதேபோல, 1784-இல் மங்களூர்க் கிறிஸ்தவர்கள் ஆயிரக்கணக்கில் பிடித்துச் செல்லப்பட்டு ஸ்ரீரங்கப்பட்டணத்தில் சிறைவைக்கப்பட்டதும், குடகிலும் மலையாளத்திலும் மக்கள் பட்ட இன்னல்களும் மெய்யே. மேலுகோட்டையைச் சார்ந்த, தமிழ் பேசும் மண்டயம் ஐயங்கார் குடும்பங்கள், திப்பு காலத்தில் தம் முன்னோர்க்கு நேர்ந்த துயரை எண்ணி நரகசதுர்த்தசியைக் கொண்டாடுவதில்லை என்பது அவர்கள் மரபு. இந்நினைவு எந்த அச்சுக்கூடத்திலும் பிறந்ததன்று; வீட்டிலே பாட்டி பேத்திக்குச் சொல்லி வந்தது. பல புகழ்நூல்களில் இத்திப்புவைக் காண இயலாது.

சிருங்கேரிக்கு எழுதியவரும் ஒருவரே. மங்களூர் மக்களைச் சிறையிட்டவரும் அவரே. இருவரையும் ஒருவராகக் காண்பது கடினம். பிரசாரம் அக்கடினத்திலிருந்து நம்மை விடுவிக்கின்றது. அதனாலேயே அது இனிக்கின்றது.

ஊசல் இன்னும் நின்றபாடில்லை. கர்நாடக அரசு 2015-இல் திப்பு ஜெயந்தி கொண்டாடத் தொடங்கியது. 2019-இல் அக்கொண்டாட்டம் கைவிடப்பட்டது. நான் பணிபுரியும் இரயில்வேயிலும் இதன் அடையாளமுண்டு. பெங்களூருக்கும் மைசூருக்குமிடையே 1980 முதல் ஓடிய 'திப்பு எக்ஸ்பிரஸ்' 2022-இல் 'உடையார் எக்ஸ்பிரஸ்' ஆயிற்று. அந்த இருப்புப்பாதை அமைந்தது உடையார் மரபினரின் மைசூர் அரசின் காலத்திலே என்பதும் உண்மை. பெயரிடுதல் ஆள்வோர் உரிமை. ஆனால் ஒரு பெயரை எழுதுவதாலோ அழிப்பதாலோ நடந்தது நடவாததாகிவிடாது என்பதை நாம் மறக்கலாகாது.

கல்லுக்கும் இது பொருந்தும். 1791-இல் மடிந்த ஆங்கிலப் படையினருக்காக நம் நகரில் எழுப்பப்பட்ட நினைவுத்தூண் 1964-இல் இடிக்கப்பட்டது. 'செனட்டாஃப் ரோடு' என்றிருந்த வீதி நிருபதுங்கா வீதி ஆயிற்று. ஆளவந்த அந்நியரின் தூணை விடுதலை பெற்ற மக்கள் விரும்பாதது இயல்பே. ஆனால் சிட்டி மார்க்கெட்டை அடுத்த கோட்டைச் சுவரில், ஆங்கிலேயர் உடைத்து நுழைந்த இடம் இதுவெனக் கூறும் ஆங்கிலக் கல்வெட்டு இன்றும் உள்ளது. அக்கோட்டையைக் காத்துப் போரிட்டு மடிந்த கில்லேதார் பகதூர் கானைப் பற்றி அக்கல்லில் ஒரு சொல்லும் இல்லை. ஆண்டுதோறும் எத்தனையோ பேர் அதனைப் படித்துச் செல்கின்றனர். பொய் ஒன்றும் சொல்லாமலே பாதியை மறைக்கலாம் என்பதை அக்கல் நமக்குக் கற்பிக்கின்றது.

நம் வீட்டுக் கதை

பிறர் முதுகை மட்டும் பார்த்தல் அறமன்று. நம் முதுகையும் பார்ப்போம். திப்பு மாண்ட அதே 1799-ஆம் ஆண்டு அக்டோபர் 16-ஆம் நாள் கயத்தாற்றில் வீரபாண்டிய கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்டான். கும்பினி ஏடுகளில் பாளையக்காரர் கலகக்காரரும் கொள்ளைக்காரருமாயினர். 1801-இல் பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை தரைமட்டமாக்கப்பட்டது. ஆயினும் நாட்டுப்பாடலும் கூத்தும் அவன் பெயரை அழியாமற் காத்தன. ஏடு மறைத்ததை நாவு காத்தது.

1959-இல் பந்துலு இயக்கத்தில், சிவாஜி கணேசன் நடிப்பில் திரைப்படம் வந்தது. ஜாக்சன் துரையை நோக்கிக் கட்டபொம்மன் முழங்கும் வசனத்தை மனப்பாடமாகச் சொல்லாத பள்ளிச் சிறுவன் அக்காலத்தில் அரிது. நம் சங்க மேடையிலும் எத்தனை சிறுவர்கள் அதனை முழங்கியிருக்கின்றனர்! ஆனால் அவ்வசனம் சக்தி கிருஷ்ணசாமி எழுதியது. கட்டபொம்மன் வாயிலிருந்து பதிவு செய்யப்பட்டதன்று. இன்று கட்டபொம்மன் என்றவுடன் நம் செவியில் ஒலிப்பது வரலாற்றுக் குரலா, நடிகர் திலகத்தின் குரலா? பகைவன் செய்தால் பிரசாரம், நாம் செய்தால் வரலாறு என்று இரு படிக்கற்களை வைத்துக்கொள்ளலாகாது.

இன்னொன்றும் எண்ணத்தக்கது. அப்படத்தை எடுத்த பந்துலு, நமக்கு அண்மையிலுள்ள கோலார் மாவட்டத்தவர். இரண்டாண்டுகளில், 1961-இல், கன்னடத்தில் 'கித்தூர் சென்னம்மா'வை எடுத்தவரும் அவரே. தமிழ் வீரனையும் கன்னட வீராங்கனையையும் ஒரு மனிதர் ஒரே அன்போடு திரையில் காட்ட முடிந்தது.

நம் கடமை

இவையெல்லாம் பழங்கதை என்று ஒதுக்க வேண்டா. 1991-ஆம் ஆண்டு டிசம்பரில் காவிரிப் பிரச்சினையின்போது நம் குடும்பங்கள் பட்டதை மூத்தோர் அறிவர். 2016 செப்டம்பரில் மீண்டும் கலகம் மூண்டபோது, அங்கே ஒருவர் அடிபட்ட காட்சியும் இங்கே ஒருவர் அடிபட்ட காட்சியும் கைப்பேசி வழியாக நொடிப்பொழுதிற் பரவின. காட்சிகள் பொய்யல்ல. ஆனால் அதே நாளில், அஞ்சி நின்ற தமிழ்க் குடும்பத்துக்குக் கதவு திறந்த கன்னட அண்டைவீட்டாரைக் காட்டும் படத்தை யார் அனுப்பினர்? அக்காட்சி எவருக்கும் பயன்படவில்லை. ஆகவே அது பரவவில்லை. அன்று இலண்டனுக்கு ஓவியம் போய்ச் சேரக் கப்பலில் பல மாதங்கள் ஆயின. இன்று நாமே ஒவ்வொருவரும் ஓர் அச்சுக்கூடத்தைச் சட்டைப்பையில் வைத்திருக்கின்றோம்.

ஆகவே பிள்ளைகளுக்கு நாம் கற்பிக்க வேண்டிய கேள்விகள் நான்கு. இதனைச் சொல்பவர் யார்? எப்பொழுது சொன்னார்? சொன்னதால் அவருக்கு என்ன பயன்? எதனைச் சொல்லாமல் விட்டார்? நான்காவது கேள்வியே தலையாயது. யார் சொன்னார் என்று மயங்காமல், சொன்னதன் உண்மையைக் காண வேண்டும் என்பது வள்ளுவர் நமக்களித்த பாடமன்றோ? அவ்வள்ளுவரின் சிலை அல்சூரில் 1991 முதல் பதினெட்டு ஆண்டுகள் திரையிட்டே நின்றது. 2009 ஆகஸ்டில் இங்கே அது திறக்கப்பட்டது. அதே மாதத்தில் சென்னையில் கன்னடக் கவி சர்வஞ்ஞரின் சிலை திறக்கப்பட்டது. அந்நாளையும் கலக நாள்களோடு சேர்த்தே பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். துயரத்தை மட்டும் சொல்லி, நட்பை விட்டுவிடுவதும் பாதி மறைத்தலேயாகும்.

ஸ்ரீரங்கப்பட்டணம் நிலையத்தருகே திப்பு காலத்து ஆயுதக் கிடங்கு ஒன்று, இருவழிப் பாதை அமைப்பதற்குக் குறுக்கே நின்றது. அதனை இடித்துத் தள்ளவில்லை. அதற்காகப் பாதையையும் நிறுத்தவில்லை. 2017-இல் பொறியாளர்கள் அக்கட்டடத்தை அப்படியே அடியோடு பெயர்த்து நகர்த்தி, சற்றுத் தொலைவில் நிறுத்தினர். பாதையும் அமைந்தது, கட்டடமும் பிழைத்தது. கசப்பான நினைவுகளையும் நாம் அவ்வண்ணமே போற்றலாம். அவற்றை அழிக்கவும் வேண்டா. அவை நம் வழியை மறிக்க விடவும் வேண்டா.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்! வாழிய இக்கன்னட நன்னாடு!